காவல் மரண வழக்கு: சி.பி.ஐ. கேட்பதா, அடுத்த வாய்தா கேட்பதா?

கேள்வி: நீடாமங்கலம் பக்கத்து வாசகர், 11 ஜூலை 2025, மாலை

எங்கள் தெருக்காரர் ஒருவரைப் பம்புசெட் மோட்டார் திருட்டு என்று விசாரணைக்கு அழைத்துப் போனார்கள். அழைத்துப் போனது எல்லைக்கு அந்தப் பக்கம் தஞ்சை மாவட்டத்து ஸ்டேஷனுக்கு. மறுநாள் காலை ஆஸ்பத்திரியில் இறந்துவிட்டார் என்று தகவல் வந்தது. நெஞ்சுவலியாம். உடலை இன்னும் வாங்கவில்லை. ஆர்.டி.ஓ. (வருவாய்க் கோட்டாட்சியர்) விசாரணை போதும் என்று பெரியவர்கள் சொல்கிறார்கள். ஹைகோர்ட்டுக்குப் போய் சி.பி.ஐ. கேட்போம் என்று பையன்கள் சொல்கிறார்கள். எது சரி?

11 ஜூலை, இரவு 9.40

இரண்டும் பிறகு. முதலில் உடல்.

உடற்கூராய்வுக்கு முன்பு குடும்பத்தார் உடலைப் பார்க்க வேண்டும் என்று எழுத்தில் கேளுங்கள். வீடியோ பதிவு கேளுங்கள். காவலில் இறந்தவரின் உடற்கூராய்வைப் படம் பிடிக்க வேண்டும் என்று தேசிய மனித உரிமை ஆணையம் 1995லேயே மாநிலங்களுக்கு எழுதிவிட்டது. 2020 டிசம்பரில் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை தந்த ஒரு தீர்ப்பு இன்னும் கைக்கு அடக்கமானது. குடும்பத்தார் உடலைப் பார்க்கவும், அறிக்கையின் நகலைப் பெறவும் அதில் வழி இருக்கிறது. மறு உடற்கூராய்வு கேட்டு உயர் நீதிமன்றம் போகப்போகிறோம் என்று சொன்னால் உடலை 48 மணி நேரம் பாதுகாக்க வேண்டும் என்பதும் அதில் உண்டு. இன்றிரவே ஒரு தாளில் எழுதி மருத்துவமனையில் கொடுத்து, நகலில் சீல் வாங்குங்கள். வாங்க மறுத்தால் பதிவுத் தபால், மின்னஞ்சல், எது கிடைத்தாலும் சரி.

அப்படியே ஏ.ஆர். காப்பி, அதாவது மருத்துவமனை விபத்துப் பதிவேட்டின் நகல். மருத்துவமனைக்குள் அவர் வந்த நேரத்தில் உயிர் இருந்ததா இல்லையா, அழைத்து வந்தவர் யார், என்ன காரணம் சொன்னார் என்பதெல்லாம் விபத்துப் பதிவேட்டில் இருக்கும். பின்னால் எழுதப்படும் எந்தக் கதையும் இந்த ஒரு தாளோடு ஒத்துப்போக வேண்டும். பெரும்பாலும் ஒத்துப்போகாது.

11 ஜூலை, இரவு 11 தாண்டி

நான் வக்கீல் அல்ல, கும்பகோணத்தில் வக்கீல் குமாஸ்தாவாகக் காலம் தள்ளியவன். மேலே எழுதியதைக் காட்டி ஒரு வக்கீலைப் பிடியுங்கள், என் பேச்சைக் காட்டி போலீஸாரிடம் சண்டை போடாதீர்கள்.

12 ஜூலை, காலை

எந்த ஹைகோர்ட் என்ற கேள்வி தனியாக வந்திருக்கிறது. டெல்டாவில் பிறந்தவனுக்குத்தான் இந்தத் தலைவலி. தஞ்சாவூர், திருச்சி மாவட்டங்கள் 2004இல் தொடங்கிய மதுரைக் கிளைக்குப் போகும். திருவாரூர், நாகப்பட்டினம், மயிலாடுதுறை சென்னைக்குப் போகும். வயலுக்கு நடுவே ஒரு வாய்க்கால்தான் எல்லை. இந்தக் கரையில் அடி வாங்கினால் மன்னை எக்ஸ்பிரஸ், அந்தக் கரையில் வாங்கினால் மதுரை பஸ்.

உங்கள் விஷயத்தில் ஸ்டேஷனும் சாவும் தஞ்சை மாவட்டம் என்பதால் மதுரைதான் நேர் வழி. ஆளைப் பிடித்தது உங்கள் ஊரில் என்பதால் சென்னையின் எல்லைக்குள்ளும் வழக்கு மூலத்தின், அதாவது வழக்குக்குக் காரணமான நிகழ்வின், ஒரு பகுதி இருக்கிறது என்று வாதாட அரசியலமைப்பு 226(2) இடம் தருகிறது. வாதாடலாம் என்பதற்காக வாதாட வேண்டுமா? முதல் வாரத்தையே எந்தக் கோர்ட் என்ற சண்டையில் கரைத்தால் எதிர்த்தரப்புக்குக் கொண்டாட்டம்.

12 ஜூலை, மதியம்

உடலை வாங்க மறுத்து உட்கார்ந்திருக்கிறார்கள் என்றும், மூன்று மணிக்கு அமைதிப் பேச்சுவார்த்தை என்றும் நீடாமங்கலம் வாசகர் எழுதியிருக்கிறார். அதனால் சாப்பாட்டை ஒத்திவைத்துவிட்டு இதை எழுதுகிறேன்.

பேச்சுவார்த்தையில் தாசில்தார் இருப்பார், டி.எஸ்.பி. இருப்பார், ஊரில் இரண்டு கட்சிக்காரர்கள் இருப்பார்கள். நிவாரணத் தொகை, வீட்டில் ஒருவருக்கு வேலை, சம்பந்தப்பட்டவர்கள் ஆயுதப்படைக்கு மாற்றம் என்று பேச்சு போகும். பேசட்டும். கடைசியில் ஒரு தாள் நீட்டப்படும். அந்தத் தாளைப் பற்றித்தான் நான் பேச வேண்டும்.

எங்கள் அலுவலகத்துக்கு ஒரு தாய் வந்தார். பெயர், ஊர், ஆண்டு எதுவும் வேண்டாம். மகன் இறந்து மாதங்கள் ஆகியிருந்தன. ரிட் மனு தாக்கல் செய்தோம். அரசுத் தரப்பின் பதில் மனு வந்தது. இணைப்புகளில் ஒரு தாள்: 'என் மகனின் சாவில் எனக்கு யார் மீதும் சந்தேகம் இல்லை, என் சொந்த விருப்பத்தின் பேரில் உடலைப் பெற்றுக்கொண்டேன்.' கீழே அவருடைய கைரேகை. அந்த அம்மாவிடம் காட்டி, இது என்ன என்று கேட்டேன். பிணத்தை வாங்கியதற்கு ரசீது என்று சொன்னார்கள் தம்பி என்றார். எங்கள் வக்கீல் கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்தார். அவர் அப்படிச் செய்தால் வழக்கு கஷ்டம் என்று அலுவலகத்தில் எல்லோருக்கும் தெரியும்.

ஆகவே ரசீது என்றால் ரசீதாகவே இருக்கட்டும். 'உடலைப் பெற்றுக்கொண்டேன், விசாரணை பற்றிய என் உரிமைகளை விட்டுக்கொடுக்கவில்லை' என்று நீங்களே எழுதிக் கையெழுத்திடுங்கள். படிக்கத் தெரியாதவர் ரேகை வைத்தால், படித்துக் காட்டியவர் யார் என்பதும் அதே தாளில் வரட்டும். மயானத்தில் எரிக்க வேண்டாம், புதையுங்கள். வழக்கம் எரிப்பதுதான் என்றாலும்.

12 ஜூலை, இரவு

கடைசி வரிக்கு இரண்டு பேர் கோபித்திருக்கிறார்கள். சடங்கு அவரவர் விஷயம். மறு உடற்கூராய்வுக்குச் சாம்பலை அனுப்ப முடியாது என்பது மட்டும் என் கவலை.

14 ஜூலை

'திருபுவனத்தில் இப்படி ஆகிவிட்டதே, பட்டு நெய்கிற ஊராயிற்றே' என்று ஒரு வெளிநாட்டு வாசகர் வருந்தியிருக்கிறார். ஐயா, அது எங்கள் கும்பகோணத்துக்குப் பக்கத்துத் திருபுவனம். கம்பகரேசுவரர் கோயிலும் தறிகளும் உள்ள ஊர். 2025 ஜூனில் போலீஸ் விசாரணையின்போது கோயில் காவலாளி அஜித்குமார் இறந்தது சிவகங்கை மாவட்டத்துத் திருப்புவனம், வைகைக் கரை. செய்தி வந்த அன்று என் மைத்துனரே தொலைபேசியில் அழைத்து, தங்கை வீட்டில் எல்லோரும் நலமா என்று கேட்டார்.

14 ஜூலை, சற்றுப் பின்

ஆர்.டி.ஓ. விசாரணை போதுமா என்ற கேள்விக்கு இன்னும் பதில் எழுதவில்லை.

போதாது. 2005இல் திருத்தி 2006 ஜூனில் நடைமுறைக்கு வந்த பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 176(1ஏ) பிரிவுப்படி காவலில் இறந்தால் நீதித்துறை நடுவர் (மாஜிஸ்திரேட்) விசாரிக்க வேண்டும். இப்போது அதற்குப் பதிலாக வந்த புதிய சட்டமான பி.என்.எஸ்.எஸ்.ஸில் 196. ஆர்.டி.ஓ. வருவாய்த்துறை அதிகாரி. மாலையில் அதே எஸ்.பி.யுடன் சட்டம் ஒழுங்குக் கூட்டத்தில் உட்காருகிறவர். அவரைக் கெட்டவர் என்று சொல்லவில்லை, நாற்காலி அப்படி. நடுவரின் விசாரணையில் உறவினர் உடனிருக்கவும் சட்டத்தில் இடம் உண்டு. போய் உட்காருங்கள்.

ஆனால் ஒரு விஷயத்தைப் பலர் குழப்பிக்கொள்கிறார்கள். நடுவர் நடத்துவது சாவுக்குக் காரணம் கண்டறியும் விசாரணை. குற்ற வழக்கின் புலனாய்வு வேறு. அதைப் போலீஸோ சி.பி.சி.ஐ.டி.யோ சி.பி.ஐ.யோ தனியாக நடத்த வேண்டும். நடுவர் விசாரிக்கிறார் என்று சொல்லி எஃப்.ஐ.ஆரைச் சந்தேக மரணம் என்ற 194ஆம் பிரிவோடு நிறுத்தி வைப்பது பழைய தந்திரம். வாரண்ட் இல்லாமல் கைது செய்யக்கூடிய குற்றம் நடந்ததாகத் தகவல் வந்தால் எஃப்.ஐ.ஆர். கட்டாயம் என்று 2013இல் லலிதா குமாரி வழக்கில் ஐந்து நீதிபதிகள் சொன்னார்கள். அந்தத் தகவலை எழுத்தில் கொடுத்து, எஸ்.பி.க்கும் அனுப்பி, பிறகு 175(3)இன் கீழ் உறுதிமொழிப் பத்திரத்தோடு நடுவரிடம் போகலாம். புலனாய்வு ஒழுங்காக நடக்கிறதா என்று பார்க்கும் அதிகாரம் நடுவருக்கே உண்டு என்று 2007இல் சகிரி வாசு வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. நடைமுறையில் உள்ளூர் நடுவர்கள் அந்த அதிகாரத்தை அலமாரியிலிருந்து எடுப்பதைப் பார்ப்பது அபூர்வம்.

15 ஜூலை

பணி ஓய்வு பெற்ற ஏட்டு ஒருவர் எழுதியிருக்கிறார்: 'குடித்துக் குடல் வெந்தவன் ஸ்டேஷனில் செத்தாலும் எங்கள் தலையில்தான் விடிகிறது.' உண்மைதான். விடியாமல் இருக்க வழி, கேமரா ஓடிக்கொண்டிருப்பது. 2020 டிசம்பரில் பரம்வீர் சிங் சைனி வழக்கில் ஸ்டேஷனின் எல்லாப் பகுதியிலும் கேமரா வேண்டும், பதிவு 18 மாதம் இருக்க வேண்டும் என்றார்கள். அடிக்காத ஏட்டுக்கு அதைவிட நல்ல சாட்சி கிடைக்காது. கேமரா அன்றைக்கு மட்டும் பழுது என்று எழுதுகிறவரிடம் கோபித்துக்கொள்ளுங்கள்.

17 ஜூலை

இன்று உட்கார்ந்து விரிவாக எழுதுகிறேன். 'ஹைகோர்ட் மேற்பார்வை என்றால் நீதிபதி வந்து விசாரிப்பாரா?' என்று பேராவூரணி நண்பர் கேட்டிருக்கிறார். அவருக்குச் சாத்தான்குளத்தைச் சொன்னால் போதும்.

2020 ஜூன் 22 இரவு மகன் பென்னிக்ஸ், 23 காலை தந்தை ஜெயராஜ். சாத்தான்குளம் போலீஸ் பிடித்துப் போன இருவரும் கோவில்பட்டி கிளைச் சிறையிலிருந்து மருத்துவமனைக்குப் போய் இறந்தார்கள். காகிதப்படி அது நீதிமன்றக் காவல். ரிமாண்ட் முடிந்துவிட்டது, எங்கள் பொறுப்பு இல்லை என்று ஸ்டேஷன் கைகழுவ வசதியான காகிதம். மதுரைக் கிளையில் நீதிபதிகள் பி.என்.பிரகாஷ், பி.புகழேந்தி அமர்வு ஓரிரு நாளில் தானாக வழக்கெடுத்தது. கோவில்பட்டி நடுவர் பாரதிதாசன் ஸ்டேஷனுக்கே நேரில் போனார். அங்கே அவருக்கு மரியாதை நடக்கவில்லை. இடையூறு செய்கிறார்கள் என்று அவர் எழுதியதும், உயர் நீதிமன்றம் ஸ்டேஷனையே வருவாய்த்துறையின் பொறுப்பில் வைக்கச் சொன்னது. ஒரு காவல் நிலையத்துக்குத் தாசில்தார் காவல்! கேமரா பதிவுகள் நாள்தோறும் தானாக அழியும்படி அமைக்கப்பட்டிருந்ததை அந்த நடுவரே கண்டுபிடித்தார். வன்தட்டில் இடமில்லாமல் அழியவில்லை, இடம் நிறைய இருந்தது. இரவெல்லாம் நடந்ததைப் பெண் காவலர் ஒருவர் அவரிடம்தான் சொன்னார்.

இதற்குள் அரசு வழக்கை சி.பி.ஐ.க்குக் கொடுப்பதாகச் சொல்லிவிட்டது. அமர்வு என்ன செய்தது? சி.பி.ஐ. வருகிற வரை காத்திருந்தால் தடயம் போய்விடும், அதுவரை சி.பி.சி.ஐ.டி. எடுக்கட்டும் என்றது. ஜூலை 1இல் கைதுகள் தொடங்கின. சி.பி.ஐ. வழக்குப் பதிந்தது அதற்குப் பிறகு.

நீதிபதி வந்து விசாரிக்கவில்லை. பத்து நாளைக்குள், ஒவ்வொரு முறையும் 'இதைச் செய்து இந்தத் தேதியில் வந்து சொல்' என்றார்கள். நான் மேற்பார்வை என்பது இதைத்தான். தேதி. வாய்தா என்றால் வழக்கை இழுப்பது என்றே நம் ஊரில் பெயர் வாங்கிவிட்டது. இந்த வகை வழக்கில் மட்டும் கிட்டக்கிட்ட வாய்தா கிடைப்பது வரம்.

திருப்புவனத்திலும் அதே கதைதான். நீதிபதிகள் எஸ்.எம்.சுப்பிரமணியம், மரிய கிளேட் அமர்வு மாவட்ட நீதிபதி ஒருவரை விசாரிக்க வைத்து, அரசே சி.பி.ஐ. என்று சொன்ன பிறகும் ஒரு வாரத்துக்குள் அறிக்கை வாங்கியது. சி.பி.ஐ.க்கும் ஆகஸ்டு 20 என்று கெடு வைத்தது.

17 ஜூலை, பின்குறிப்பு

இரண்டிலும் நாடு முழுக்கக் கூச்சல் இருந்தது என்று ஒருவர் உடனே எழுதிவிட்டார். இருந்தது. கூச்சல் இல்லாத சாவுக்கும் இதே மனுதான், கூடுதல் உழைப்போடு.

20 ஜூலை

பையன்களின் கட்சிக்கு வருகிறேன். மாநில அரசின் ஒப்புதல் இல்லாமலே உயர் நீதிமன்றம் சி.பி.ஐ.க்கு வழக்கைக் கொடுக்கலாம். 2010இல் மேற்கு வங்க வழக்கில் அரசியல் சாசன அமர்வு தெளிவாகச் சொன்னது. அரிதாகவே செய்ய வேண்டும் என்றும் சேர்த்துச் சொன்னது. இந்த மே மாதம் 15ஆம் தேதி மத்தியப் பிரதேசத்துக் காவல் மரணம் ஒன்றை உச்ச நீதிமன்றம் சி.பி.ஐ.க்கு மாற்றியிருக்கிறது. ஆகவே கேட்கலாம்.

முன்பெல்லாம் நானும் மனுவில் முதல் வேண்டுகோளாக அதைத்தான் தட்டச்சு செய்வேன். இப்போது இறக்கி வைக்கச் சொல்கிறேன். சி.பி.ஐ. என்ற ஒற்றை வேண்டுகோளோடு போனால் விவாதம் முழுக்க 'இது அரிதான வழக்கா' என்று ஓடும். அரசு வக்கீல் நேரம் கேட்பார், நான்கு வாரம் கிடைக்கும். அந்த நான்கு வாரத்தில் வன்தட்டு என்ன ஆகும்? மாற்றம் கிடைத்தாலும் புதிய அதிகாரி தொலைவிலிருந்து வந்து கோப்பு வாங்கி, தமிழ்ச் சாட்சியங்களை மொழிபெயர்த்துப் படித்து... பேர் பெரியது என்பதால் கால் வேகமாக நடந்துவிடாது.

முதல் வேண்டுகோள் இப்படி இருக்கட்டும்: கேமரா பதிவு, ஸ்டேஷனின் பொது நாட்குறிப்பு, ஸ்டேஷன் வாகனத்தின் ஓட்டப் புத்தகம், காவலர்களின் கைபேசி அழைப்பு விவரம், இவற்றை இன்றே நடுவர் வசம் ஒப்படைக்க இடைக்கால உத்தரவு. அடுத்தது, அந்த ஸ்டேஷனும் அதன் மேலதிகாரிகளும் இல்லாத ஒரு குழு. அடுத்தது, குறித்த நாளில் நிலை அறிக்கை. சி.பி.ஐ. அதற்கும் பிறகு, 'மாற்றாக' என்ற சொல்லோடு.

20 ஜூலை, இரவு

சி.பி.ஐ.யைத் தாழ்த்தி எழுதியதாக ஒருவர். இல்லை. ஒரு நல்ல எஸ்.பி. தலைமையில் தேதிக் கெடுவோடு நடக்கும் விசாரணை, கெடு இல்லாத சி.பி.ஐ. விசாரணையைவிட மேல் என்றேன். எஸ்.பி. நல்லவரா என்பது வேறு. அதற்குத்தான் கெடு.

23 ஜூலை

கடிதம் போட்டால் போதாதா என்று கேட்கிறார் வலங்கைமான் வாசகர். போட்டவர்கள் உண்டு. ஒடிசாவில் நீலாபதி பெஹெரா என்ற தாய், காவலில் இருந்த 22 வயது மகன் ரயில் பாதை ஓரம் பிணமாகக் கிடந்ததை 1988இல் உச்ச நீதிமன்றத்துக்குக் கடிதமாக எழுதினார். அது மனுவாகி, 1993இல் ஒன்றரை லட்ச ரூபாய் இழப்பீட்டுத் தீர்ப்பாயிற்று. டி.கே.பாசு வழக்கும் கடிதத்தில் தொடங்கியதுதான். 1986இல் எழுதினார், 1996இல் தீர்ப்பு. கைது குறிப்பாணையும் உறவினருக்குத் தகவலும் அதில் வந்தவைதான். ஆண்டுகளைக் கழித்துப் பாருங்கள். கடிதமும் போடுங்கள், மனுவும் போடுங்கள்.

பணம் இல்லை என்பதற்காகக் கடிதத்தோடு நிற்க வேண்டாம். பெண்களுக்கும் பட்டியல் சாதியினருக்கும் பழங்குடியினருக்கும் வருமானம் பார்க்காமல் இலவசச் சட்ட உதவி உண்டு. மதுரைக் கிளை வளாகத்திலேயே உயர் நீதிமன்றச் சட்டப் பணிகள் குழு இருக்கிறது. மனைவி பெயரில் மனு போடுங்கள்.

26 ஜூலை

கம்மாபுரத்தை எழுதாமல் விட்டால் எங்கள் பக்கத்துக்காரர்கள் விடமாட்டார்கள். 1993இல் முதனையைச் சேர்ந்த ராஜாக்கண்ணு கம்மாபுரம் ஸ்டேஷனில் இறந்தார். தப்பி ஓடிவிட்டார் என்றது போலீஸ். உடல் கிடந்தது மீன்சுருட்டிப் பக்கம், வேறு மாவட்டம். அணைக்கரையிலிருந்து எட்டிப் பார்க்கிற தூரம். மேலே நான் சொன்ன எல்லைப் பிரச்சினை புதிதல்ல பாருங்கள். எல்லை தாண்டிப் போட்டுவிட்டால் அடையாளம் தெரியாத பிணம்.

அவர் மனைவி தொடுத்தது ஆட்கொணர்வு மனு. அப்போது வக்கீலாக இருந்த சந்துரு, அந்த மனுவிலேயே சாட்சிகளை அழைத்து விசாரிக்க வேண்டும் என்று கேட்டார். வழக்கத்தில் இல்லாத விஷயம். 1977இல் கேரளத்தில் ராஜன் என்ற மாணவரின் தந்தை ஈச்சர வாரியர் தொடுத்த வழக்கில் அப்படி நடந்ததைக் காட்டினார். நீதிமன்றம் சம்மதித்தது. போலீஸின் கதை அங்கேதான் உடைந்தது. ஆனாலும் உயர் நீதிமன்றத்தில் கடைசித் தீர்ப்பு 2006இல்தான்.

ஆள் எங்கே என்றே தெரியாதபோது ஆட்கொணர்வு. உடல் கிடைத்துவிட்டால் அது பயன்படாது, 226இன் கீழ் வேறு மனு. இரண்டையும் குழப்பி ஒருவர் எனக்குத் தனியே எழுதியிருந்தார், அதற்காக இது.

2 ஆகஸ்டு, நீடாமங்கலம் வாசகர்

மதுரையில் மனு எண் விழுந்துவிட்டது. பதிவுகளைப் பாதுகாக்க உத்தரவு. இரண்டு வாரத்தில் நிலை அறிக்கை கேட்டிருக்கிறார்கள். அன்று ஸ்டேஷன் எதிரில் டீக்கடை வைத்திருந்தவர் முதலில் பேசினார், இப்போது நடவு வேலை என்று ஊரைவிட்டுப் போய்விட்டார்.

2 ஆகஸ்டு, இரவு

நடவு அவருக்கு ஒரு சாக்கு. யாரோ பார்த்துப் பேசியிருக்கிறார்கள்.

2018இல் மகேந்தர் சாவ்லா வழக்கில் உச்ச நீதிமன்றம் சாட்சிப் பாதுகாப்புத் திட்டத்தை நாடு முழுக்கச் சட்டம் போல் நடைமுறைப்படுத்தச் சொன்னது. மாவட்ட நீதிபதி தலைமையிலான குழுவுக்கு விண்ணப்பிக்கலாம். ஆனால் விண்ணப்பத்தில் எதிரி யார் என்று எழுத வேண்டும், பாதுகாப்புக்கு வரப்போவதும் போலீஸ். டீக்கடைக்காரர் இதைக் கேட்டால் சிரிப்பார். அதைவிட, நடுவர் முன் வாக்குமூலம் பதிவு செய்ய இப்போதே மனு போடுவது நல்லது. சொல்லிவிட்டவரை மிரட்டுவதில் எதிரிக்கு லாபம் குறைவு. அவரைத் திட்டாதீர்கள். அவருக்கு அந்த ஸ்டேஷன் எதிரில்தான் நாளைக்கும் கடை.

19 ஆகஸ்டு

குற்றப்பத்திரிகை வந்த பிறகும் ஹைகோர்ட் பார்த்துக்கொண்டே இருக்குமா? பொதுவாக இல்லை. வினீத் நாராயண் வழக்கிலிருந்து உச்ச நீதிமன்றம் சொல்லி வருவது, குற்றப்பத்திரிகை தாக்கலானதும் மேற்பார்வை முடிகிறது, இனி விசாரணை நீதிமன்றத்தின் வேலை என்பது. அங்கேதான் பல வழக்குகள் படுத்துக்கொள்கின்றன. அரசு வழக்கறிஞருக்குத் துணையாகக் குடும்பத்தின் வக்கீல் இருக்க பி.என்.எஸ்.எஸ். 18(8) இடம் தருகிறது. சிறப்பு அரசு வழக்கறிஞர் வேண்டும், விசாரணையைக் குறித்த காலத்தில் முடிக்க வேண்டும் என்ற இரண்டையும் ரிட் மனு முடித்துவைக்கப்படும் நாளிலேயே கேட்டு உத்தரவில் எழுத வைத்துவிடுங்கள். மறந்துவிட்டால் அதற்குத் தனி மனு, மறுபடி மதுரை பஸ்.

தமிழ் ஆவணங்களுக்கு ஆங்கில மொழிபெயர்ப்பும் தட்டச்சுப் பிரதியும் இணைக்கவில்லை என்று கோர்ட் அலுவலகம் மனுவைத் திருப்பியதாக எழுதியிருந்தீர்கள். ஏ.ஆர். காப்பியில் டாக்டரின் கையெழுத்து புரியாமல் 'படிக்க முடியவில்லை' என்று விட்டுவிட வேண்டாம், அந்த வரிதான் முக்கியம். தெளிவாகப் படம் எடுத்து அனுப்புங்கள், படித்துத் தருகிறேன். இறந்தவரின் பெயரை மறைத்து அனுப்பவும்.